தாத்தா இம்பாலுக்குப் போனாரா?

மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம், நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் (ஐ.என்.ஏ.) இருந்த தாத்தாவைப் பற்றிப் பேச்சு வந்தால், "இம்பால்ல சண்டை போட்டவரு" என்றுதான் சொல்வார்கள். பெரும்பாலும் அப்படி இருக்க வாய்ப்பில்லை.

மணிப்பூரின் இம்பாலைப் பிடிக்க ஜப்பானியரோடு சேர்ந்து பிரிட்டிஷாரை எதிர்த்து 1944 மார்ச்சிலிருந்து ஜூலை வரை நடந்த அந்தப் போருக்கு ஐ.என்.ஏ.விலிருந்து போனது முதல் டிவிஷன். அதில் அதிகம் பேர் ஜப்பானிடம் பிடிபட்ட பிரிட்டிஷ் இந்தியச் சிப்பாய்கள். பால்மரக் காட்டிலிருந்து சேர்ந்த நம் ஆட்களில் (சயாம்-பர்மா ரயில் பாதை வேலைக்கு ஜப்பான்காரன் பிடித்துப் போய்விடுவான் என்ற பயத்தில் சேர்ந்தவர்களும் உண்டு) பலர் பின்னால்தான் பர்மா போனார்கள். தாத்தா சொன்னதில் பர்மாவின் ஐராவதி ஆறோ போப்பா மலையோ வந்தால் அது 1945 சண்டை. ஐ.என்.ஏ.வின் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படை பர்மாவின் மேமியோ வரை போனது, இம்பாலுக்குப் போகவில்லை.

தோற்றதற்கு வீரக்குறைவு காரணமில்லை, சோறுதான். ஜப்பான் தளபதி முத்தாகுச்சி மூன்று வார ரேஷனோடு படையை அனுப்பினார்; மிச்சத்தை இம்பால் கிடங்கில் பிடித்துக்கொள்ளலாம் என்பது கணக்கு. இம்பால் இதோ விழுந்துவிடும் என்று நம்பி, ஐ.என்.ஏ.வின் காந்தி ரெஜிமெண்ட் கனமான சாமான்களைப் பின்னால் விட்டுவிட்டது. ஆளுக்கு ஒரு போர்வை, ஒரு துப்பாக்கி, 50 தோட்டா. அதை வைத்துக்கொண்டு இம்பாலுக்குத் தெற்கே பாலேலில் இருந்த பிரிட்டிஷ் விமானத் தளத்தைத் தாக்கினார்கள்! பிரிட்டிஷாருக்கோ ஆளும் அரிசியும் விமானத்தில் வந்து இறங்கிக்கொண்டே இருந்தன. மே மாதம் மழை பிடித்ததும் பாதை சேறாகிவிட்டது. குண்டடி பட்டுச் செத்தவர்களைவிடப் பசியிலும் மலேரியாவிலும் வயிற்றுக்கடுப்பிலும் போனவர்களே அதிகம்.

ஐ.என்.ஏ. நினைவிடம் மணிப்பூரின் மொய்ராங்கில் இருக்கிறது. 1944 ஏப்ரல் 14 அன்று ஐ.என்.ஏ.வின் கர்னல் ஷௌகத் மாலிக் கொடியேற்றிய ஊர். இம்பாலிலிருந்து தெற்கே டிட்டிம் சாலையில் 45 கிலோமீட்டர். போகும் வழியிலேயே சண்டை நடந்த சிவப்புக் குன்று (Red Hill), 2019இல் திறந்த அமைதி அருங்காட்சியகம் இரண்டையும் பார்த்துவிடலாம். மொய்ராங்கில் நிற்கும் தூண் சிங்கப்பூரில் இருந்த ஐ.என்.ஏ. நினைவுத் தூணின் நகல். மூலத்துக்கு நேதாஜி 1945 ஜூலை 8 அன்று அடிக்கல் நாட்டினார். செப்டம்பரில் திரும்பி வந்த பிரிட்டிஷார் அதை இடித்துத் தள்ளினார்கள். அந்த இடத்தில், சிங்கப்பூர் எஸ்பிளனேட் பூங்காவில், 1995இல் வைத்த குறிப்புப் பலகை இருக்கிறது. நமக்கு அதுதான் கிட்ட. முதலில் அங்கே போய் வாருங்கள்.

மொய்ராங்குக்கு இ-விசா மட்டும் பத்தாது. 2024 டிசம்பரிலிருந்து வெளிநாட்டவர் மணிப்பூருக்குத் தனி அனுமதியும் வாங்க வேண்டும். 2023 மே மாதக் கலவரத்துக்குப் பிறகு அந்தப் பக்கம் நிலைமை மாறிக்கொண்டே இருக்கிறது. அனுமதி கைக்கு வந்த பிறகு விமான டிக்கெட் எடுங்கள்.