இயன் ஹோம் முகத்தை வரைஞ்சு பாத்தது, எட்டாவது படம் வரைக்கும்

மூணு மாசமா ஒரே ஆளோட முகத்தைத்தான் வரைஞ்சிட்டு இருக்கேன். இயன் ஹோம், இங்கிலாந்து நடிகர். பேரைச் சொன்னா நெறைய பேருக்குத் தெரியாது, லார்ட் ஆஃப் த ரிங்ஸ்ல பில்போவா வர்ற தாத்தான்னு சொன்னா ஓ அவரான்னு கேப்பாங்க. எனக்கும் அவர் அப்படித்தான் பழக்கம். ஒருநாள் ராத்திரி ஏலியன் பாத்தேன், 1979ல வந்த படம், அதுல கப்பல்ல ஆஷ்னு ஒரு சயின்ஸ் ஆபீசர் வருவாரே, அவரும் பில்போவும் ஒரே ஆளுன்னு கடைசியில பேரு ஓடும்போதுதான் தெரிஞ்சுது. ஒட்டு மூக்கு, விக்குன்னு ஒரு வேஷமும் கிடையாது, அப்புறம் எப்படி எனக்கு அடையாளம் தெரியாம போச்சு? வரைஞ்சு பாத்தா பிடிபடும்னு தோணுச்சு.

ஏ4 கார்ட்ரிட்ஜ் பேப்பர், 2பி, 4பி, 6பி பென்சில், சினிமாவ நிறுத்தி வச்சு அந்தக் காட்சிமேல கட்டம் கட்டமா கிரிட். அவ்ளோதான்.

முதல்ல ஆஷ். பழக்கதோஷத்துல கண்ணுக்குக் கீழ நல்லா ஷேடு குடுத்துட்டேன், பாத்தா பயந்துபோன மனுஷன் மாதிரி வந்துடுச்சு. அழிச்சுட்டு படத்தை நிறுத்தி நிறுத்திப் பாத்தேன். கீழ் இமையில ஒரு இறுக்கமும் இல்ல, நெத்தியில சுருக்கம் இல்ல, வாய் மட்டும் லேசா மூடியிருக்கு, வேற எதுவுமே பண்ணல அவரு. ஒரு இடத்துல தனியா உக்காரப் போறதுக்கு முன்னாடி நின்ன இடத்துலயே கொஞ்ச நேரம் ஓடுவாரு, மெஷின சூடு பண்ற மாதிரி. அவரு ரோபோன்னு தெரிஞ்சதுக்கப்புறம் திரும்பப் பாத்தாத்தான் அது உறைக்குது. ரெண்டாவது படம் ஆஷோட வெட்டுப்பட்ட தலை. ரோபோவோட ரத்தமா வர்ற வெள்ளைத் திரவத்துக்குப் பால், பாஸ்தா, கண்ணாடி கோலிகுண்டெல்லாம் யூஸ் பண்ணாங்களாம். பென்சில்ல வெள்ளைய வரைய முடியாது, சுத்தி இருட்டாக்கித்தான் வெள்ளைய வெளிய கொண்டுவரணும், 6பி பென்சில் பாதி அதுலயே போச்சு.

அடுத்தது 1981ல வந்த சாரியட்ஸ் ஆஃப் ஃபயர். அதுல சாம் முசபினிங்கற கோச். 1924 பாரிஸ் ஒலிம்பிக்ல 100 மீட்டர் ஜெயிச்ச ஹரால்ட் ஆபிரகாம்ஸுக்குப் பயிற்சி குடுத்தவரு, நெஜ மனுஷன். காசு வாங்கிட்டுப் பயிற்சி குடுக்கறவருன்னு அன்னைக்குப் பெரிய மனுஷங்களுக்கெல்லாம் அவரைக் கண்டா எளக்காரம், அதனால படத்துல பந்தயத்தன்னைக்கு ஸ்டேடியத்துக்குப் போகாம ரூம்லயே இருக்காரு. ஜன்னல் வழியா கொடி ஏறறது தெரியுது, தேசிய கீதம் கேக்குது, பையன் ஜெயிச்சுட்டான்னு புரிஞ்ச உடனே கையில இருந்த வைக்கோல் தொப்பிய முஷ்டியால குத்தி ஓட்டை போட்டுடுவாரு. அந்தக் கைய வரையவே மூணு நாள் ஆச்சு. முகத்துல அழுகையும் சிரிப்பும் ஒண்ணா நிக்குது, எங்கன்னு தேடினா வாயோட ரெண்டு ஓரத்துலதான், ஒரு ஓரம் மேல இழுக்குது இன்னொண்ணு கீழ இழுக்குது. ஆஷ்ல பாத்த அதே வாய்! இந்த ரோலுக்கு பிரிட்டிஷ் சினிமா விருதான பாஃப்டா கெடச்சுது, ஆஸ்கருக்கு நாமினேஷன், ஆனா ஆஸ்கர் ஜான் கில்குட்டுக்குப் போச்சு. எனக்கு இதுல இன்னும் வருத்தம்தான்.

நெப்போலியனா மட்டும் மூணு தடவை நடிச்சிருக்காரு, 1974 டிவி சீரியல், 1981ல டைம் பாண்டிட்ஸ், 2001ல இன்னொரு படம். ஆளும் குள்ளம், பொருத்தம்தான். அதுல ஒண்ணு வரைஞ்சேன், தொப்பிதான் நல்லா வந்துச்சு, விட்டுட்டேன்.

மேடைப் படங்கள் கருப்பு வெள்ளைதான் கெடைக்குது. 1954லயே ஷேக்ஸ்பியர் ஊரான ஸ்ட்ராட்ஃபோர்டுல சின்னச் சின்ன வேஷத்துல ஆரம்பிச்சு, 1965ல ஹரால்ட் பின்டர் எழுதின நாடகத்துல லென்னிங்கற பாத்திரமா நின்னு, அதுக்கே 1967ல நியூயார்க் பிராட்வேல டோனிங்கற நாடக விருது வாங்கினவரு. லென்னிய ஒரே உட்காரல்ல வரைஞ்சு முடிச்சேன். அதுக்கப்புறம்தான் 1976ல நடந்ததைப் படிச்சேன். ஒரு நாடகம் நடந்துட்டு இருக்கும்போது பயம் வந்து மேடைய விட்டே போயிட்டாரு, அதுக்கப்புறம் ரொம்ப வருஷம் மேடைப்பக்கம் அதிகமா வரல. இருபது வருஷத்துக்கு மேல மேடையிலயே வளந்த ஒருத்தருக்கு அந்த மேடையே பயமாகிடுச்சுன்னா அந்த ராத்திரி வீட்டுக்கு எப்படி போயிருப்பாருன்னே யோசிச்சிட்டு இருந்தேன், ஒரு வாரம் பென்சிலத் தொடல.

ஏழாவது பில்போ. இதுக்கு இருவது வருஷம் முன்னாடி, 1981ல, இதே கதை பிபிசி ரேடியோல 26 பாகமா வந்தப்போ கதாநாயகன் ஃப்ரோடோவுக்குக் குரல் குடுத்தவரு இவருதான். மோதிரத்தைப் பாத்ததும் பில்போ முகம் ஒரு நொடி கொடூரமா மாறுமே, அதை நான் வரையல. அதுக்கு அடுத்த நொடிதான் எடுத்தேன், தான் என்ன பண்ணோம்னு புரிஞ்சு கூனிக்குறுகி அழற முகம். நல்லா வந்துச்சு, பென்சில் கலையாம இருக்க அடிக்கற ஃபிக்சேட்டிவுக்குப் பதிலா ஹேர் ஸ்ப்ரே அடிச்சேன், ரொம்ப கிட்ட பிடிச்சுட்டேன், கன்னத்துல ஈரத்திட்டு விழுந்துடுச்சு. ஒரு முழம் தள்ளிப் பிடிச்சு ரெண்டு தடவை லேசா அடிக்கணும், யாராவது வரையறவங்க இருந்தா ஞாபகம் வச்சுக்கோங்க.

இப்போ எட்டாவது, ஷேக்ஸ்பியர் நாடகத்துல வர்ற கிங் லியர். 1997ல லண்டன் நேஷனல் தியேட்டர்ல, சின்ன அரங்கத்துல, ஆளுங்க கை எட்டற தூரத்துல உக்காந்திருக்க, அறுபத்தஞ்சு வயசுல புயல் சீன்ல உடம்புல துணியே இல்லாம நின்னாரு. மேடையக் கண்டு ஓடின அதே மனுஷன்! அதுக்கு ஒலிவியர்ங்கற லண்டன் நாடக விருது குடுத்தாங்க, 1998ல சர் பட்டமும் வந்துச்சு, அந்த நாடகத்தை டிவிக்கும் எடுத்தாங்க, அதுலேர்ந்துதான் ஃப்ரேம் எடுத்து வச்சிருக்கேன். 2020 ஜூன் 19ல பார்க்கின்சன் நோயால போயிட்டாரு, 88 வயசு.

செத்துப்போன மக கார்டீலியாவ வச்சுட்டு லியர் உக்காந்திருக்கற இடம் அது. நேத்து நெத்தியும் தாடியும் முடிச்சேன், 2பிலயே, அழுத்தாம. கீழ் இமைக்கு நாலு தடவை அழிச்சு போட்டதுல பேப்பர் நாரு எழும்பிடுச்சு, அதோடயே விட்டுட்டேன். வாய் மட்டும் பாக்கி, இப்போதைக்கு ஒரே ஒரு கோடாத்தான் நிக்குது.