நானாத்தான் வந்தேன்

“நானாத்தான் வந்தேன் அக்கா. யாரும் என்னை இழுத்துக்கிட்டு வரல.”

2013இல் கோலாலம்பூருக்கு வெளியே ஒரு காவல் நிலையத்தில் இதைச் சொன்ன பெண்ணுக்கு இருபத்து மூன்று வயது. தமிழ்நாட்டிலிருந்து வீட்டுவேலைக்கு வந்தவள். அவள் தமிழை மலாயிலும் அதிகாரியின் மலாயைத் தமிழிலும் மாற்றிச் சொல்வது என் வேலை. அந்த வேலைக்கு நான் புதிது. கேட்டதைக் கேட்டபடி மாற்றினேன்: சொந்த விருப்பத்தில் வந்தார். அதிகாரி எழுதிக்கொண்டார். விசா எப்போது முடிந்தது என்று கேட்டார். அதற்கப்புறம் அந்த மேசையில் அவள் வெறும் விசா முடிந்தும் தங்கியவள்தான். குடிநுழைவுத் தடுப்பு முகாமுக்கு அனுப்ப முடிவாயிற்று.

வண்டிக்காகக் காத்திருந்தபோதுதான் போகிறபோக்கில் சொன்னாள்: பதினான்கு மாதமாகச் சம்பளம் இல்லை. பாஸ்போர்ட் முதலாளியம்மாவின் அலமாரியில் பூட்டிக் கிடக்கிறது. கடைக்குப் போகக்கூட வெளியே விட்டதில்லை. நான் உள்ளே ஓடிப்போய்ச் சொன்னேன். வாக்குமூலம் முடிந்துவிட்டது என்றார்கள்.

மலேசியாவில் ஆள்கடத்தலுக்கு, அதாவது ஆளை ஏமாற்றியோ மிரட்டியோ சுரண்டுவதற்கு, எதிரான சட்டம் 2007இல் வந்தது. கடத்தப்பட்டவர் சம்மதித்தார் என்பதைக் காட்டி யாரும் தப்ப முடியாது என்கிறது அதன் 16ஆவது பிரிவு. ஆள்கடத்தலைத் தடுப்பதற்கான ஐ.நா.வின் 2000ஆம் ஆண்டு பலேர்மோ நெறிமுறையும் ஏமாற்றியோ மிரட்டியோ வாங்கிய சம்மதத்தைச் சம்மதமாகவே எடுத்துக்கொள்வதில்லை. சட்டவிரோதமாக நுழைந்ததற்கோ தங்கியதற்கோ கடத்தப்பட்டவர் மீது வழக்குப் போடக் கூடாது என்கிறது மலேசியச் சட்டத்தின் 25ஆவது பிரிவு. அந்தப் பெண்ணை மனத்தில் வைத்தே எழுதியவை போல இருந்தன இரண்டும். நான் அவற்றைப் படித்தது அவள் போன பிறகு.

நானாத்தான் வந்தேன் என்பதற்கு நம் பெண்கள் வாயில் என்ன பொருள் என்று அப்புறம் நிறைய யோசித்திருக்கிறேன். அப்பா அம்மா மேல் பழி போடாதீர்கள் என்று பொருள். நான் ஓடிவந்தவள் இல்லை என்று பொருள். வந்த இடத்தில் பட்டதெல்லாம் என்னோடு போகட்டும் என்று பொருள். எப்படி நடத்தப்பட்டாள் என்பதற்கு அந்த வாக்கியத்தில் பதிலே கிடையாது. நான் அதைப் பதிலாக்கிக் கொடுத்துவிட்டேன்.

அண்ணன் என்ற சொல்லும் அப்படித்தான். “ஏஜென்ட் அண்ணன் கூட்டிட்டு வந்தாங்க” என்று சொல்வார்கள். அதை அப்படியே மலாயில் சொன்னால் கூடப்பிறந்த அண்ணன் அழைத்து வந்ததாகத் தாளில் ஏறிவிடும். அப்படி ஏறிய ஒரு தாளை நானே பார்த்திருக்கிறேன். “தொந்தரவு கொடுத்தார்” என்பது அதைவிடக் கொடுமை. ஒரு பெண் தலையைக் குனிந்துகொண்டு இதைச் சொன்னால் என்ன நடந்திருக்கும் என்று தமிழ் தெரிந்த யாருக்கும் புரியும். மலாயில் ‘காச்சாவ்’ என்று மாற்றினால் ஏதோ சீண்டினார், தொல்லை பண்ணினார் என்ற அளவில் நின்றுவிடும். ஒரு பெரிய குற்றம் ஒரு சொல்லில் கரைந்து போகும்.

இந்த வேலையில் இருப்பவர் கேட்டதில் எதையும் கூட்டவோ குறைக்கவோ கூடாது. அது சரியான விதி, இன்றும் மீறுவதில்லை. ஆனால் அந்த விதிக்குள்ளேயே ஓர் இடம் இருக்கிறது. “ஐயா, இந்தச் சொல்லுக்குத் தமிழில் இரண்டு பொருள் உண்டு. எது என்று அவரிடமே கேட்கட்டுமா?” இந்த ஒரு கேள்விக்கு வாய் திறக்க எனக்கு இரண்டு வருடம் ஆனது. இன்றுவரை எந்த அதிகாரியும் கூடாது என்று சொன்னதில்லை. அதை நினைக்கும்போதெல்லாம் அந்த முதல் பெண் ஞாபகம் வருகிறாள்.

2015 மே மாதம் தாய்லாந்து எல்லையை ஒட்டிய பெர்லிஸ் மாநிலத்தில், வாங் கெலியான் காட்டில், 139 புதைகுழிகளும் 28 முகாம்களும் கண்டுபிடிக்கப்பட்டதாகப் போலீஸ் அறிவித்தது. ரொஹிங்யா மக்களையும் வங்காளதேசத்தவரையும் அடைத்து வைத்து, உறவினர்களிடம் பணம் கறந்த முகாம்கள். புதைகுழியில் கிடந்தவர்களிடம் யாரும் எதுவும் கேட்டதே இல்லை. அந்த வாரம் கணக்கர் வேலையை விட்டுவிட்டு இதற்கே முழுநேரமாக வந்துவிட்டேன்.

கடத்தப்பட்டவர்களை வைக்கும் காப்பகத்துக்குள் போனால் வேறு கதை. கடத்தப்பட்டிருக்கலாம் என்று தோன்றினால் விசாரணைக்காக முதலில் 21 நாள் இடைக்காலப் பாதுகாப்பு உத்தரவு. உறுதியானால் வெளிநாட்டவருக்கு மூன்று மாத உத்தரவு, தேவைப்பட்டால் நீட்டிப்பு. கூரை இருக்கும், சாப்பாடு இருக்கும், கதவும் பூட்டியிருக்கும். வீட்டுச் சிறையிலிருந்து வந்தவருக்கு அந்தப் பூட்டு எப்படித் தெரியும் என்று சொல்லத் தேவையில்லை. வெளியே போகவும் வேலை செய்யவும் 2015இன் திருத்தம் வழி வைத்தது. நான் பார்த்தவர்களில் அது கிடைத்தவர்களை விரல்விட்டு எண்ணலாம்.

காப்பகத்தில் என்னிடம் அதிகம் பேர் கேட்ட கேள்வி வழக்கைப் பற்றியது இல்லை. “நான் இங்க இருக்குற மூணு மாசமும் ஊர்ல வட்டி நிக்குமா அக்கா?” என்பதுதான். ஏஜென்டுக்குக் கொடுக்க நகையை அடகு வைத்திருப்பார்கள், கந்துவட்டிக்கு வாங்கியிருப்பார்கள். இந்தோனேசியப் பெண்களும் இதைத்தான் கேட்டார்கள் என்று அவர்களுக்குப் பேசிய தோழி சொன்னாள். என்னைக் கேட்டால் பாதுகாப்பு என்ற சொல்லில் அந்த வட்டியும் சேர வேண்டும். ஒரு பெண் உண்மையைச் சொல்லாமல் சீக்கிரம் ஊர் போய்ச் சேர நினைப்பதற்கு, பல நேரம் பயத்தைவிட அந்த வட்டிதான் காரணம். என் கொள்ளுப்பாட்டியைக் கப்பலேற்றி மலாயாவுக்குக் கொண்டுவந்ததும் ஒரு கங்காணியின் முன்பணம்தான். அதை அடைக்க எத்தனை வருடம் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டினாள் என்று எங்கள் வீட்டில் யாருக்கும் கணக்குத் தெரியாது.

2022இல் வேறு மாதிரியான அழைப்புகள் வர ஆரம்பித்தன. படித்த பையன்கள். தாய்லாந்தில் டேட்டா என்ட்ரி வேலை, நல்ல சம்பளம், டிக்கெட் இலவசம் என்று போனவர்கள். பாங்காக்கில் இறங்கியதும் காரில் ஏற்றி, ஒரு ராத்திரி முழுக்க ஓட்டி, தாய்லாந்து எல்லை ஊரான மே சோட்டில் மோய் ஆற்றைத் தாண்டவிட்டால் மியான்மாரின் மியாவடி. அங்கே மோசடி வளாகத்துக்குள் போனதும் பாஸ்போர்ட் போய்விடும். பொய்ப் பெயரில், அழகான பெண் படத்தோடு, வெளிநாட்டவரிடம் பழகிக் கிரிப்டோவில் பணம் போட வைக்க வேண்டும். விலக வேண்டுமென்றால் சில ஆயிரம் டாலர் கட்டு என்பார்கள். அந்த அக்டோபரில் தமிழ்நாட்டைச் சேர்ந்த 13 பேர் மீட்கப்பட்டுச் சென்னை வந்து சேர்ந்தார்கள். மியான்மாரில் குறைந்தது 1,20,000 பேரும் கம்போடியாவில் சுமார் ஒரு லட்சம் பேரும் இப்படிச் சிக்கியிருக்கலாம் என்று 2023இல் ஐ.நா. மனித உரிமை அலுவலகம் சொன்னது.

சுற்றுலா விசாவில் போய் வேலை செய்யச் சொல்லும் எந்த ஏஜென்டையும் நம்பாதீர்கள் என்று கேட்பவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறேன். அப்படியும் மாதத்துக்கு ஒரு தாயாவது போன் செய்கிறாள்.

2025 பிப்ரவரியில் தாய்லாந்து, எல்லைக்கு அந்தப் பக்கம் போன மின்சாரத்தை நிறுத்தியது. சில வாரங்களில் சுமார் 7,000 பேர் அந்த வளாகங்களிலிருந்து வெளியே கொண்டுவரப்பட்டார்கள். மார்ச்சில் இந்திய விமானப்படை விமானங்கள் மே சோட்டிலிருந்து 549 இந்தியர்களை ஏற்றிப் போயின. அதற்குக் கொஞ்சம் முன்னால், ஒரு பையனின் வாக்குமூலத்துக்குத் தொலைபேசியில் பேசித்தர முடியுமா என்று ஒரு தன்னார்வக் குழு கேட்டது. வழக்கறிஞர் ஆங்கிலம், பையன் தமிழ்.

அவன் முதல் வாக்கியமே இதுதான்: “நானும் ஏமாத்தினேன் அக்கா. ஒரு வயசான ஆளோட சேமிப்பு முழுக்க.”

எனக்கு 2013 காவல் நிலையம் கண்முன் வந்தது. நம் மலேசியச் சட்டத்தின் 25ஆவது பிரிவு நுழைந்ததற்கும் தங்கியதற்கும் போலிப் பத்திரத்துக்கும்தான் காப்பு. அடித்துச் செய்ய வைத்த மோசடிக்கு அதில் இடம் இல்லை. 2015இல் கோலாலம்பூரில் கையெழுத்தான, ஆள்கடத்தலுக்கு எதிரான ஆசியான் (தென்கிழக்காசிய நாடுகள்) உடன்படிக்கை அந்த மாதிரிக் குற்றங்களுக்கும் பாதிக்கப்பட்டவரைப் பொறுப்பாக்காமல் விடுவதைப் பற்றிப் பேசுகிறது. ஆனால் ‘பரிசீலிக்க வேண்டும்’ என்று மட்டும் பேசுகிறது. சொற்களோடு பிழைப்பு நடத்துகிறவள் என்ற முறையில் சொல்கிறேன், அந்தப் ‘பரிசீலிக்க’ எத்தனையோ பையன்களைக் கைவிட்டுவிடும்.

அவன் சொன்னதை அப்படியே ஆங்கிலத்தில் மாற்றினேன். மாற்றிவிட்டு வழக்கறிஞரிடம் கேட்டேன்: ஏமாற்றாவிட்டால் என்ன நடந்திருக்கும் என்று அவனிடம் கேட்கலாமா? அவர் கேட்கச் சொன்னார். பையன் வெகுநேரம் பேசவில்லை. பிறகு சொன்னான்: டார்கெட் வராத நாளில் சோறு இல்லை. தொடர்ந்து வராவிட்டால் ஷாக் வைப்பார்கள். பக்கத்துக் கட்டிலில் இருந்தவனை வேறு வளாகத்துக்கு விற்றுவிட்டார்கள்.

எழுதி முடித்ததைத் தமிழில் படித்துக் காட்டினேன். முதல் வரியில் நிறுத்தச் சொன்னான்.

“ஏமாத்தினேன்னு இருக்கே, அது இருக்கணுமா அக்கா?”

“நீ சொன்னது தம்பி. நான் எடுக்க முடியாது. அதுக்குக் கீழேயே மத்ததும் இருக்கு.”

கொஞ்ச நேரம் அந்தப் பக்கம் மூச்சுச் சத்தம் மட்டும்தான்.

“சரிக்கா, ரெண்டுமே இருக்கட்டும்” என்றான்.