கேமரா அக்கா, ஒலி தம்பி: இறுதியாண்டு ஆவணப்படத்துக்குச் சில குறிப்புகள்

விஷுவல் கம்யூனிகேஷன் இறுதியாண்டு ஆவணப்படத்துக்குக் கரு தேடி எங்கெங்கோ அலைகிறார்கள். நான் எங்கள் தெருமுனை இஸ்திரி வண்டியையே எடுத்துக்கொண்டேன். கேமரா நான், ஒலிப்பதிவு தம்பி. அவன் படிப்பது பி.காம். வெளியாள் உதவலாமா என்று துறையில் முன்கூட்டியே கேட்டு எழுதி வாங்கிவிடுங்கள். வைவாவில், அதாவது வாய்மொழித் தேர்வில், எனக்கு வந்த முதல் கேள்வியே அதுதான்.

பின்னணிக் குரல் இல்லை, பேட்டி இல்லை. நடப்பதை நடக்கவிட்டுப் பதிவு செய்வது. இந்த வகையைத் தொடுகிறவர்கள் அமெரிக்காவின் மேசல்ஸ் சகோதரர்களைப் படிக்காமல் தேர்வுக்குப் போகக் கூடாது. அண்ணன் ஆல்பர்ட் கேமரா, தம்பி டேவிட் ஒலி. வீடு வீடாகப் போய் பைபிள் விற்கும் நால்வரைப் பின்தொடர்ந்து அவர்கள் எடுத்த 'சேல்ஸ்மேன்' 1969இல் வெளிவந்தது. தோளில் தூக்கும் 16 மி.மீ. கேமராவும் கையடக்க ஒலிப்பதிவுக் கருவியும் வந்த பிறகுதான் இரண்டே பேர் ஒரு வீட்டுக்குள் போய்ப் படமெடுக்க முடிந்தது. பாணியை மட்டும் புகழாமல் இந்தக் காரணத்தையும் சொல்லுங்கள்.

உடன்பிறந்தவரோடு வேலை செய்தால் பேச்சு மிச்சம். இஸ்திரிக்கார அண்ணாச்சி பெட்டியைத் திறந்து கரியை விசிறும்போது நான் முகத்துக்குப் போகிறேனா, கைக்குப் போகிறேனா என்பது என் தோள் திரும்புவதிலேயே தம்பிக்குத் தெரிந்துவிடும், மைக் விலகிவிடும். தண்ணீர் தெளித்த துணியில் பெட்டி படும் 'சொய்ங்' சத்தத்தை அவன் தனியாகப் பதிந்து வைத்தான். ஒட்டாத பல ஷாட்டுகளை அதுதான் ஒட்டவைத்தது. யாரும் பேசாதபோது அந்த இடத்தின் வெறும் சத்தத்தையும் ஒரு நிமிடமாவது பதியுங்கள். டியூப்லைட் வெளிச்சத்தில் கேமராவின் ஷட்டர் வேகம் 1/50 நொடி இருக்கட்டும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் 1/60 வைத்தால் படம் மினுங்கும்.

படத்தொகுப்பில்தான் சிக்கல். அண்ணாச்சி துணி எண்ணும்போது முணுமுணுக்கும் வீட்டுப் பெயர்களெல்லாம் எங்களுக்குத் தெரிந்தவை. பார்ப்பவருக்கு அது வெறும் முணுமுணுப்பு. ஒரே வீட்டில் வளர்ந்த இரண்டு பேருக்கு இது உறைக்காது. 'சேல்ஸ்மேன்' இயக்குநர்களில் மூன்றாவதாகச் சார்லட் ஸ்வெரின் பெயர் இருக்கிறது. அவர் அதன் படத்தொகுப்பாளர், அந்தச் சகோதரர்களின் வீட்டாள் அல்ல. எங்களுக்கும் அப்படி ஒரு வெளிக்கண் வேண்டியிருந்தது. எங்கள் தெருவையே பார்த்திராத வகுப்புத் தோழி ஒருத்தியை உட்காரவைத்து, அவள் புருவம் சுருக்கிய இடங்களையெல்லாம் திருத்தினோம்.

ஒப்புதல் கடிதம் பற்றி ஒன்று. பழகிய பிள்ளைகள் கேட்டால் அக்கம்பக்கத்தார் மறுக்கக் கூசுவார்கள். அந்தக் கையெழுத்தோடு விட்டுவிடாமல் தொகுத்த படத்தையும் போட்டுக் காட்டுங்கள். கூலி பாக்கிக்காக ஒரு வாடிக்கையாளரிடம் குரல் உயர்த்திய காட்சி வேண்டாம் என்றார் அண்ணாச்சி. படத்திலேயே நல்ல ஷாட் அது, ஆனாலும் வெட்டிவிட்டோம். ஏன் வெட்டினோம் என்பதைத் திட்ட அறிக்கையில் அரைப்பக்கம் எழுதியிருந்தேன். வைவாவில் மற்றதையெல்லாம் விட்டு அந்த அரைப்பக்கத்தைப் பற்றித்தான் நெடுநேரம் கேட்டார்கள்.