டாகேரின் கடைசிப் படுதா

பாரிஸிலிருந்து கிழக்கே ஆர்.இ.ஆர். ஏ ரயிலில் ஏறினால் அரை மணி நேரத்துக்குள் ப்ரி-சுர்-மார்ன் வந்துவிடும். மார்ன் ஆற்றங்கரை ஊர். ஈஃபில் கோபுரத்தடியில் இருக்கும் கூட்டத்தில் நூறில் ஒருவர்கூட இந்தப் பக்கம் வருவதில்லை. நான் போனது லூயி டாகேர் வரைந்த படுதாவைப் பார்க்க.

ஆமாம், புகைப்படத்தைக் கண்டுபிடித்தவர் என்று படித்தோமே, அதே டாகேர்தான். ஆனால் அவருக்குச் சோறு போட்ட தொழில் நாடகக் காட்சிகள் வரைவது. துணியைத் தரையில் விரித்து, நீளக் காம்புத் தூரிகையோடு அதன் மேலேயே நடந்து, பசை கலந்த வண்ணத்தில் தீட்டுகிற வேலை. பாரிஸ் ஒபேரா என்ற இசைநாடக அரங்கின் காட்சி ஓவியர் தெகோத்தியிடம் கற்றார். 1822இல் இன்னொரு காட்சி ஓவியரான சிசேரியுடன் சேர்ந்து அலாதீன் கதைக்கு அங்கே காட்சி அமைத்தார். அந்த ஒபேராவில் எரிவாயு விளக்கு முதலில் எரிந்ததும் அந்த நாடகத்தில்தான்.

அதே ஆண்டு ஓவியர் பூத்தோனோடு டயோரமா என்ற காட்சிக்கூடத்தைத் திறந்தார். நடிகர் கிடையாது, வசனம் கிடையாது, படுதாவே நாடகம். பிற்பாடு துணியின் இரு பக்கமும் வரைந்து, வெளிச்சத்தை முன்னும் பின்னும் மாற்றினார். பகலில் காலியாக இருக்கும் தேவாலயம் மெல்ல இருட்டும், மெழுகுவர்த்திகள் எரியும், வெறும் நாற்காலிகளில் ஆட்கள் உட்கார்ந்திருப்பார்கள்! காசு கொடுத்துப் பார்த்தவர்கள் ஆடிப்போனதில் வியப்பில்லை. 1839 மார்ச் 8 அன்று அந்தக் காட்சிக்கூடம் தீப்பிடித்து எரிந்தபோது டாகேர், தந்தி மோர்ஸின் வீட்டில் அவருடைய கருவியைப் பார்த்துக்கொண்டிருந்தாராம்.

மிஞ்சியிருக்கும் அவருடைய ஒரே டயோரமா இங்கேதான் இருக்கிறது. 1842இல் வரைந்தது. ஊர்த் தேவாலயம் சின்னது. பலிபீடத்துக்குப் பின்னால் சுவர் இருக்க வேண்டிய இடத்தில், கோதிக் தூண்கள் வரிசையாக உள்ளே போய்க்கொண்டே இருக்கின்றன. எல்லாம் துணி. தெரிந்தே போனேன், இருந்தும் கண் ஏமாந்தது. பின்னாலிருந்து இயற்கை வெளிச்சம் விழும்படி வைத்திருக்கிறார்கள். மேகம் ஒன்று கடந்தபோது தூரத்துத் தூண்கள் மங்கின, முன்னால் இருந்தவை அப்படியே நின்றன. வெளிச்சத்தை இப்படி வேலை வாங்கியவர் அதை வெள்ளி பூசிய தகட்டில் புகைப்படமாகப் பிடிக்க முயன்றது எனக்கு இயல்பாகவே படுகிறது.

1851இல் இதே ஊரில்தான் இறந்தார், கல்லறையும் இங்கேதான். தேவாலயம் திறந்திருக்கும் நேரத்தை விசாரித்துக்கொண்டு போங்கள். முடிந்தால் வெயிலும் மேகமும் மாறி மாறி வரும் நாளில்.