மிசாவில் இருந்த அண்ணனை மனுப் பார்க்கப் போனது

நெருக்கடி நிலை அறிவித்தது 1975 ஜூனில் என்றாலும், எங்கள் பக்கம் அதன் உறைப்பு தெரிந்தது 1976 ஜனவரி 31 அன்று தி.மு.க. ஆட்சியைக் கலைத்த பிறகுதான். காரைக்குடிக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். கட்சிக் கூட்டங்களில் பேசிவந்த அண்ணனை, விசாரித்துவிட்டு அனுப்புகிறோம் என்று விடியற்காலையில் கூட்டிப்போனவர்கள் அனுப்பவே இல்லை, விசாரணை இல்லாமலே சிறையில் வைக்க இடம் தந்த ‘மிசா’ சட்டத்தில் அடைத்துவிட்டார்கள். அப்பச்சி, அதாவது அப்பா, தவறிவிட்டார், ஆத்தாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது, அதனால் அலைச்சல் எல்லாம் என் தலையில்.

மதுரைச் சிறையில் இருப்பதே தாமதமாகத்தான் தெரிந்தது. கைதியைச் சந்திக்க மனுப் போட வேண்டும், அதைத்தான் ‘மனுப் பார்ப்பது’ என்பார்கள், அதற்கு உறவுமுறைச் சான்று கேட்டார்கள். ஊரில் ஒருவரும் கையெழுத்துப் போடத் துணியவில்லை, எனக்குப் பாடம் நடத்திய டீச்சர்தான் போட்டுக் கொடுத்தார். அந்தக் கையெழுத்துக்காக அவர் வேலை போயிருந்தாலும் போயிருக்கும். அப்போது நாங்கள் இராமநாதபுரம் மாவட்டம், ஆனால் கலெக்டர் ஆபீஸ் இருந்தது மதுரையில், அதனால் அங்கேயும் சிறைக்கும் ஒரே பஸ்ஸில் போய்வர முடிந்தது.

ஆத்தா சீப்புச்சீடை சுட்டுக் கொடுத்திருந்தார். உள்ளே குழலாக இருக்குமே, துண்டுச்சீட்டு ஏதும் வைத்திருக்கிறோமா என்று வார்டர் ஒவ்வொன்றாக உடைத்துப் பார்த்தார். மேஜை முழுக்கத் தூள். அதை அப்படியே பொட்டலம் கட்டி உள்ளே அனுப்பச் சொன்னேன். பேசும்போது பக்கத்தில் ஒரு அதிகாரி உட்கார்ந்து குறிப்பெடுத்துக்கொண்டிருந்தார், ஆகவே உடம்பு எப்படி, சாப்பாடு எப்படி, அவ்வளவுதான்.

ஏன் பிடித்தீர்கள் என்று கேட்க வழியில்லை, காரணம் சொல்லவே தேவையில்லை என்று சட்டத்தைத் திருத்தியிருந்தார்கள். கோர்ட்டுக்குப் போகலாம் என்றிருந்த வக்கீலும், ஏப்ரல் 28 அன்று உச்ச நீதிமன்றம், பிடித்து வைத்தவரைக் கோர்ட்டில் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லிக் கேட்கும் ஆட்கொணர்வு மனுவுக்கே இடமில்லை என்று தீர்ப்புச் சொன்னதும், “இனிமே ஒன்னும் பண்ண முடியாதும்மா” என்றார். ஐந்து நீதிபதிகளில் கன்னா ஒருவர் மட்டும் மறுத்து எழுதினார், அந்தப் பெயரை ஆத்தா சாகும்வரை மறக்கவில்லை.

ஊருக்குள் இருந்ததுதான் அதைவிடக் கஷ்டம். என்னைப் பெண் கேட்டு வந்தவர்கள் அப்புறம் எட்டிப் பார்க்கவில்லை. டீக்கடையில் பேப்பரை வாய்விட்டுப் படிப்பதே நின்றுபோனது. எங்கள் திண்ணையில் உட்கார ஆளில்லை.

1977 ஜனவரியில் தேர்தல் அறிவித்த பிறகு அண்ணனை விட்டார்கள். எதற்காகப் பிடித்தோம், எதற்காக விடுகிறோம் என்று இன்றுவரை எங்களுக்கு எவரும் சொல்லவில்லை.