தனி ஆளாகச் சிரிப்பு ரீல்ஸ் எடுக்கிறவர்களுக்கு

மதுரைப் பக்கம் காமெடி ரீல்ஸில் இறங்கும் பிள்ளைகள் பெரும்பாலும் தனி ஆள்தான். துண்டு தோளில் கிடந்தால் அப்பா, தலையில் ஏறினால் அம்மா. இதில் முதலில் சொதப்புவது நடிப்பு இல்லை, பார்வை. அம்மா ஃபோனுக்கு வலப்பக்கம் பார்த்துப் பேசினால் மகன் இடப்பக்கம் பார்க்க வேண்டும். இருவரும் ஒரே பக்கம் பார்த்தால் வேறு யாரிடமோ பேசுவதுபோல் ஆகிவிடும். மகன் உட்கார்ந்திருக்கிறானா, அம்மாவின் கண் கீழே இறங்க வேண்டும். அந்த உயரத்தில் சுவரில் ஒரு ஸ்டிக்கர் பொட்டை ஒட்டி, அதைப் பார்த்துப் பேசுங்கள். ஒருவருடைய வசனம் முழுவதையும் எடுத்த பிறகே துண்டை மாற்றுங்கள். பேசாமல் கேட்டுக்கொண்டிருக்கும் முகத்தையும் தனியாகச் சில விநாடி எடுத்து வைக்க வேண்டும். பாதிச் சிரிப்பு அந்த முகத்தில்தான் இருக்கிறது. எடிட்டில் அது இல்லாமல் திண்டாடுவீர்கள்.

அடுத்தது சத்தம். படம் சுமாராக இருந்தால் மன்னிப்பார்கள், வசனம் கேட்கவில்லையென்றால் தள்ளிவிட்டுப் போய்விடுவார்கள். காலர் மைக் வாய்க்கு ஒரு சாண் கீழே இருக்கட்டும். மொட்டை மாடியில் காற்றுக்குப் பஞ்சு உறை கட்டாயம். வீட்டுக்குள் ஃபேனை நிறுத்துங்கள். மாசி வீதிகளில் எடுப்பதென்றால் கடை திறக்குமுன் காலையிலேயே முடித்துவிட வேண்டும், பிறகு ஹாரன்தான் பேசும். டியூப்லைட்டில் படம் பட்டை பட்டையாக ஓடினால் ஷட்டரை, அதாவது ஒவ்வொரு படத்துக்கும் கேமரா ஒளி வாங்கும் நேரத்தை, 1/50 அல்லது 1/100 விநாடியில் வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், விளக்கின் துடிப்போடு அந்த நேரம் ஒத்துப்போகும்.

பேச்சில் ஒரு கண்டிப்பு வேண்டும். 'வந்தாய்ங்க', 'அங்கிட்டு', 'வெரசா' என்று பேசிவிட்டு நடுவில் 'ஏலே' போட்டால் திருநெல்வேலிக்குப் போய்விட்டீர்கள். ஊர்க்காரர்கள் அதை உடனே பிடித்துவிடுவார்கள்.

வீடியோவில் போடும் எழுத்தைத் திரையின் அடிப்பகுதியில் வைக்காதீர்கள், ஆப் காட்டும் உங்கள் கணக்குப் பெயரும் பட்டனும் அதை மறைத்துவிடும்.

2020 ஜூன் 29 அன்று இந்தியாவில் டிக்டாக் தடையானபோது அங்கே மட்டுமே வீடியோ வைத்திருந்தவர்கள் பார்வையாளர்களை ஒரே இரவில் இழந்தார்கள். ஆகவே லோகோ இல்லாத மூலக் கோப்பை எப்போதும் தனியாகச் சேமியுங்கள். வேறு ஆப்பின் லோகோ தெரியும் வீடியோவை இன்ஸ்டாகிராம் புதியவர்களுக்கு அதிகம் காட்டாது.

யூடியூப் ஷார்ட்ஸில் விளம்பர வருமானத்தில் பங்கு கிடைக்க 1,000 சந்தாதாரர்களோடு 90 நாளில் 1 கோடி பார்வை தேவை. அதற்கு முன்பே உள்ளூர் ஜவுளிக்கடையோ பிரியாணிக்கடையோ விளம்பரம் கேட்டுத் தேடி வரலாம். காசு வாங்கினால் விளம்பரம் என்று வீடியோவிலேயே போடுங்கள். அந்த வீடியோவுக்கு சினிமாப் பாட்டு வேண்டாம். உரிமைக்காரர் புகார் கொடுத்தால் வீடியோ போய்விடும், கடைக்காரருக்குப் பதில் சொல்ல வேண்டியது நீங்கள்தான்.