பச்சைக் கதவில் தொடங்குங்கள்

சின்ன ஊர் அதிகாரத்தை வைத்து டார்க் காமெடி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் சறுக்குவது ஒரே இடத்தில்தான்: அதிகாரியை முதல் காட்சியிலேயே அரக்கனாக்கிவிடுகிறார்கள். அரக்கனுக்குப் பயப்படுவதில் சிரிப்பு வராது.

யேல் பல்கலைக்கழகத்தில் 1961-ல் உளவியலாளர் ஸ்டான்லி மில்கிராம் தொடங்கிய சோதனையைப் பாருங்கள். சோதனை நடத்துகிறவர் சொன்னால், சாதாரண மனிதர் இன்னொருவருக்கு எவ்வளவு தூரம் மின்சார ஷாக் கொடுப்பார் என்பதுதான் கேள்வி. பெட்டியில் 30 சுவிட்சுகள். 15 வோல்ட்டில் ஆரம்பித்து, பதினைந்து பதினைந்தாக ஏறி 450-ல் முடியும். 40 பேரில் 26 பேர் கடைசி சுவிட்ச் வரை அழுத்தினார்கள். (ஷாக் பொய். அழுத்தியவர்களுக்கு அது தெரியாது.)

கதையிலும் அப்படித்தான் ஏற்ற வேண்டும். முதல் சுற்றறிக்கை: எல்லா வாசல் கதவும் பச்சை நிறம். அடுத்தது: கதவு மூடியே இருக்கட்டும். மூன்றாவது: யார் திறந்தது என்று எதிர்வீட்டுக்காரர் எழுதி வைக்க வேண்டும். ஒவ்வொன்றிலும் தேதி, கையெழுத்து, ரப்பர் ஸ்டாம்ப். முதலில் பெயிண்ட் வாங்குகிறவர் கோழையாக இருக்கவே கூடாது. ஊரிலேயே நிதானமானவர் அவர்தான்.

எதிர்ப்பவரை அவசரப்பட்டுக் கொண்டுவராதீர்கள். உளவியலாளர் சாலமன் ஆஷின் கோட்டு நீளச் சோதனையில், கூட்டம் வேண்டுமென்றே தவறான விடை சொல்லும்; அங்கே சரியான விடை சொல்லும் ஒரே ஒரு துணை இருந்தாலே கூட்டத்துக்கு இசைவது வெகுவாகக் குறைந்தது. அந்தத் துணை இரண்டாம் காட்சியிலேயே வந்தால் கதை தளர்ந்துவிடும். பாதி தாண்டி வரட்டும், நகக்கண்ணில் காயாத பச்சையோடு.